வாயில் நுழையாத பேர்

போன வாரம் நம் பள்ளித் தோழிகள் குழுவில் ஒருத்தி, பேத்திக்கு 'வெ'யில் ஆரம்பிக்கிற பேராகச் சொல்லுங்கடி என்று கேட்டிருந்தாள். வெண்ணிலா, வெண்பா, வெற்றிச்செல்வி என்று ஆளாளுக்குப் பொருளும் சேர்த்து அனுப்பினீர்கள். எனக்கும் ஒரு பேர் தெரியும். எழுதிப் பார்த்துவிட்டு, அனுப்பாமல் அழித்துவிட்டேன். முடி நரைத்து, பேரன் பேத்தி எடுத்த பிறகும் ஒரு பேரைச் சொல்ல வெட்கமாக இருக்கிறது என்றால் அந்த வெட்கம் எப்படிப்பட்டது என்று நீங்களே பார்த்துக்கொள்ளுங்கள்.

ஸ்ரீவில்லிபுத்தூரில் எங்கள் தெருவில் நின்று கோதை என்று கூப்பிட்டால் மூன்று வீட்டிலிருந்து பிள்ளைகள் எட்டிப் பார்க்கும். அதில் ஒரு கோதை என் தங்கை. அவளை உங்களில் பலருக்குத் தெரியும். அவளுக்கு நாங்கள் வைப்பதாக வாக்குக் கொடுத்த பேர் வேறு என்பது உங்களில் ஒருத்திக்கும் தெரியாது.

அவள் பிறந்தபோது எனக்கு விவரம் தெரிய ஆரம்பித்த வயது. அம்மாவுக்கு வலி கண்டு ராஜபாளையத்து ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோனார்கள். வராந்தாவில் பினாயில் வாடை. அத்தை வாங்கிக் கொடுத்த பன்னில் ஒட்டியிருந்த சீனியை நான் ஒவ்வொரு பருக்கையாக நக்கிக்கொண்டிருந்தேன். பிள்ளை பிறந்துவிட்டது, ஆனால் அம்மாவுக்கு உதிரப்போக்கு நிற்கவில்லை. ரத்தம் வேண்டும் என்றார் டாக்டர். அப்பா ரத்தம் சேரவில்லை. மாமா ஒருவர் வந்திருந்தார்; ஊசியைப் பார்த்ததும் ஒரு காப்பி குடித்துவிட்டு வருகிறேன் என்று போனவர், பொழுது சாய்ந்த பிறகுதான் தலையைக் காட்டினார். கடைசியில், பிரசவம் பார்த்த நர்சம்மாவே "எனக்குச் சேரும் டாக்டர்" என்று பக்கத்துக் கட்டிலில் படுத்துக் கையை நீட்டினார்.

அம்மா பிழைத்தாள். அப்பா அந்த நர்சம்மா முன்னால் கையெடுத்துக் கும்பிட்டபடி அழுதது எனக்கு இன்றும் ஞாபகம் இருக்கிறது. ஆம்பிளை அழுவதை அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

"இந்தப் பிள்ளைக்கு ஒங்க பேரத்தான் வைப்பேன், தாயி" என்றார்.

நர்சம்மா சிரித்தார். "எம் பேரு ஒங்களுக்கு வாயில நுழையாதுய்யா. வேற நல்ல பேரா வைங்க."

"எந்தப் பேருன்னாலும் சரி."

"வெரோணிக்கா."

"வெரணிக்கா" என்றார் அப்பா. "சொல்லச் சொல்ல நுழைஞ்சிரும்மா."

"அப்பச் சரி. எனக்குன்னு பிள்ளையா குட்டியா. பேராவது ஓடட்டும்" என்று சொல்லிவிட்டு, ரத்தம் கொடுத்த கையை மடக்கியபடியே அடுத்த கட்டிலைப் பார்க்கப் போய்விட்டார். கொஞ்ச நாளில் அவருக்கு மாறுதல் வந்து வெளியூர் போனார்.

அந்தப் பேர் எங்கள் வீட்டு வாசல் ஏறவில்லை. அத்தை ஏறவிடவில்லை. அத்தை அப்பாவுக்கு மூத்தவள். சின்ன வயதிலேயே தாலி இழந்து, தாயில்லாத தம்பியைத் தாயாக இருந்து வளர்த்தவள். கெட்டவள் என்று சொல்ல மாட்டேன். ஆனால் தெருவுக்குப் பயந்தவள். தெருவில் அதற்குள் பேச்சுக் கிளம்பியிருந்தது, வேதத்தில் சேர்ந்து கிறிஸ்தவர்களாகிவிட்டார்களாமே என்று.

"ரோணியாம், சோணியாம்! ஏலே, அவ ரத்தத்த ஏத்தியாச்சு. பேரும் வேறயா? நாளைக்கு இந்த ரெண்டு பொட்டைக்கும் எவன்லே மாப்பிள்ளை குடுப்பான்?" என்றாள் அத்தை.

பேர் வைக்கிற அன்றைக்குப் பிள்ளையின் காதில் மூன்று தடவை பேர் சொல்ல வேண்டியது அப்பா. அவர் குனிவதற்குள் அத்தை குனிந்து "கோதை, கோதை, கோதை" என்று சொல்லிவிட்டாள். அப்பா நிமிர்ந்து நின்றார். உள்ளே பாயில் படுத்திருந்த அம்மா அவரையே பார்த்தாள். அவர் அந்தப் பக்கம் திரும்பவே இல்லை.

நான் சொல்ல வந்தது அதற்கப்புறம் ஐந்தாறு வருஷம் கழித்து வந்த பங்குனியைப் பற்றி.

அப்பா ராஜபாளையத்தில் ஒரு பேண்டேஜ் கம்பெனியில் வேலை பார்த்தார். கட்டுப்போடுகிற காஸ் துணியை, அதாவது சல்லாத் துணியை, வெளுத்து, வெட்டவெளியில் நீள நீளமாகக் காயப்போட்டிருப்பார்கள். வெயிலில் கண் கூசும். அப்பா சட்டையில் எப்போதும் பிளீச்சிங் பவுடர் நெடி அடிக்கும். கட்டின பண்டல்களை ஆஸ்பத்திரிகளுக்குக் கொண்டுபோய்ப் போடுவதும் அவர் வேலைதான். அது அவருக்குப் பிடித்த வேலை. வெள்ளைச் சட்டை போட்டுக்கொள்வார். டாக்டர்மார் அவரைப் பார்த்துத் தலையசைப்பார்கள்.

ஒருநாள் அவர் வேலை முடிந்து வந்து, கை கால் கழுவாமல் முற்றத்து ஓரத்தில் உட்கார்ந்துவிட்டார்.

"நர்சம்மா திரும்ப ராஜபாளையத்துக்கே மாறுதலாகி வந்திருக்காக. என்னப் பாத்ததும் மொதக் கேள்வி, 'எம் பேர்க்காரி எப்படி இருக்கா?'ன்னு."

"நீ என்ன சொன்ன?" என்றாள் அத்தை.

"நல்லாருக்கான்னேன்."

"அம்புட்டுத்தான?"

"ஞாயித்துக்கெழம சர்ச்சுல பூசை முடிஞ்சு, பாக்க வாரேன்னாக."

அம்மாதான் அடுப்படியிலிருந்து சொன்னாள். "உள்ளதச் சொல்லிருங்க. அவிய கோவிச்சுக்கிட மாட்டாக."

"எந்த மூஞ்சிய வச்சுக்கிட்டுச் சொல்ல?"

"ஒரு பொழுதுதானலே" என்றாள் அத்தை. "வந்து காப்பி குடிச்சிட்டுப் போயிரப் போறா. அதுவரைக்கும் அந்தப் பேரச் சொல்லிக் கூப்பிட்டாப் போச்சு."

"மதினி, பச்சப்பிள்ளைக்குப் பொய் சொல்லிக் குடுக்கவா?" என்றாள் அம்மா. அவள் பேச்சுக்கு யாரும் பதில் சொல்லவில்லை. எங்கள் வீட்டில் அது வழக்கம்தான்.

தங்கைக்குப் பேர் பழக்குகிற வேலை எனக்கு வந்தது. பொரிகடலையும் வெல்லமும் அத்தை மடியிலிருந்து எடுத்துக் கொடுத்தாள். தெருவில் யார் காதிலும் விழக்கூடாது என்று அடுப்படி ஜன்னலைச் சாத்தி, புகைக்குள் உட்கார்ந்து பழக்கினோம். முதலில் "எரநிக்கா" என்றாள். பிறகு "வெரோக்கா". ஒவ்வொரு தடவைக்கும் ஒரு வாய் கடலை. வாய் நிறையக் கடலையோடு கேட்டாள்.

"எனக்கு எதுக்குக்கா இந்தப் பேரு?"

"ஒரு நர்சத்தை வருவாக. அவியளுக்காக."

"அவிய போனதும்?"

"பொறவு கோதைதான்."

அவளுக்கு அது சரியாகத்தான் பட்டது. திருவிழாவுக்கு ஒரு பாவாடை, வீட்டில் ஒரு பாவாடை என்பதுபோல எடுத்துக்கொண்டாள். இரண்டு நாளில் திருத்தமாகச் சொன்னாள். அப்பாவுக்குத்தான் வரவில்லை. சனிக்கிழமை அவர் குளிக்கும்போது, வாளியிலிருந்து தண்ணீரை மொண்டு ஊற்றுகிற சத்தத்துக்குள் "வெரோணிக்கா... வெரோணிக்கா..." என்று தனியாகச் சொல்லிப் பார்ப்பதைக் கேட்டேன். தட்டி மறைப்புக்கு இந்தப் பக்கம் துண்டோடு நின்ற எனக்கு, கேட்கக்கூடாததைக் கேட்டுவிட்டதுபோல உடம்பு கூசியது.

ஞாயிற்றுக்கிழமை நர்சம்மா வந்தார். குடை, துணிப்பை, மொடமொடப்பாகக் கஞ்சி போட்ட சேலை. பஸ் நிறுத்தத்திலிருந்து விசாரித்து விசாரித்தே வந்திருந்தார். அத்தை அவரை வரவேற்றதுபோல எந்தச் சம்பந்தியையும் வரவேற்றதில்லை. ஆனால் காப்பியைக் கண்ணாடிக் கிளாசில் ஊற்றிக் கொடுத்தாள். எங்கள் வீட்டில் நாங்கள் யாரும் அந்தக் கிளாசில் குடிக்க மாட்டோம். வெளியாட்களுக்கென்று தனியாகக் கவிழ்த்து வைத்திருப்பது அது. நர்சம்மா கிளாசை ஒரு தடவை பார்த்தார். பிறகு குடித்தார்.

பைக்குள்ளிருந்து ஒரு எவர்சில்வர் டம்ளரை எடுத்தார். விளிம்புக்குக் கீழே புள்ளி புள்ளியாகப் பேர் வெட்டியிருந்தது.

"பாத்திரக்கடைக்காரனுக்கு எழுத்துக் கூட்டத் தெரியல. 'வெ'க்கு 'வே' போட்டுட்டான்" என்று சிரித்துக்கொண்டே தங்கையை மடியில் இழுத்து உட்காரவைத்தார். கன்னத்தைத் தடவினார். கை, காது, தலைமுடி என்று ஒவ்வொன்றாகப் பார்த்தார். "எங்க, ஒம் பேரு என்ன, சொல்லு பாப்போம்?"

தங்கை அப்பாவைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். நான் தலையசைத்தேன். அவள் ஒரு எழுத்தும் பிசகாமல், பாட்டு ஒப்பிப்பதுபோலச் சொன்னாள்.

"இன்னைக்கு மட்டும் வெரோணிக்கா."

அத்தை சிரிக்கப் பார்த்தாள். "பிள்ளைக்கு எப்பவும் வெளாட்டுத்தான்..."

நர்சம்மா யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை. தங்கையின் பின்னலைச் சரிசெய்துகொண்டே கேட்டார். "நாளைக்கு?"

"கோதை."

"நேத்து?"

"நேத்தும் கோதைதான்."

"கோதையும் நல்ல பேருதான்" என்றார்.

அப்பா எழுந்து கொல்லைக்குப் போனார். கிணற்றில் வாளி விழுகிற சத்தம் கேட்டது. வாளி மேலே வந்தது, மறுபடி விழுந்தது. தொட்டி ஏற்கெனவே நிரம்பித்தான் இருந்தது. நர்சம்மா சீக்கிரம் எழுந்து போய்விடுவார் என்று நான் எதிர்பார்த்தேன். அவர் போகவில்லை. மடியிலிருந்த பிள்ளையை இறக்கிவிடவும் இல்லை.

"வெரோணிக்கான்னா யாரு தெரியுமா ஒனக்கு?"

"நீங்க."

"எனக்கும் முன்னால ஒருத்தி இருந்தா. ஏசுசாமிய அடிச்சு, சிலுவையச் சொமக்க வச்சுத் தெருவுல இழுத்துட்டுப் போறாக. மூஞ்சி பூராவும் ரத்தமும் வேர்வையும். அம்புட்டுக் கூட்டம் நின்னு வேடிக்கை பாக்கு. அதுல பாவம்னு நெனைச்சவுகளும் இருந்திருப்பாக. ஆனா பக்கத்துல நிக்கவன் என்ன சொல்லுவானோன்னு அவுகளும் சும்மா நிக்காக. இவ ஒருத்தி மட்டும் கூட்டத்த விலக்கிட்டுப் போயி, தன் துணியால அந்த மூஞ்சியத் தொடச்சுவிட்டா. துணியில அவரு மூஞ்சி அப்படியே பதிஞ்சிருச்சாம்."

"எங்க அப்பாவும் துணி செய்வாக. புண்ணுக்குக் கட்டுற துணி."

"தெரியும் கண்ணு. தெனமும் அதத்தான எடுத்துக் கட்டுதேன்."

அவர் யாரையும் குத்திக்காட்டச் சொல்லவில்லை என்றுதான் இன்றும் நினைக்கிறேன். பிள்ளைக்குச் சொன்னார், அவ்வளவுதான். ஆனால் அத்தை சுவரோடு சுவராக ஒட்டிக்கொண்டு நின்றாள். அம்மா வந்து, தரையிலிருந்த கண்ணாடிக் கிளாசை எடுத்துக்கொண்டு போனாள். பேர் வெட்டின அந்தப் புது டம்ளரைக் கழுவி, நிறையக் காப்பி ஊற்றிக் கொண்டுவந்து நீட்டினாள்.

"வேண்டாம் தங்கச்சி, இப்பத்தான குடிச்சேன்."

"இதுல குடிங்கக்கா."

அவர் குடித்தார். அண்ணாந்து குடிக்காமல், வாய் வைத்தே குடித்தார். மிச்சம் வைத்த ஒரு மடக்கை அம்மா எங்கள் எல்லோர் கண் முன்னாலும் வாங்கிக் குடித்தாள்.

அம்மாவும் நானும் அவரைப் பஸ் ஏற்றிவிடப் போனோம். அப்பா கொல்லையிலிருந்து வரவே இல்லை. வழியில் தெருப் பெண்கள் பார்த்தார்கள். அம்மா வழக்கம்போலத் தலையைக் குனியவில்லை. பஸ் வரும்வரை புளியமரத்து நிழலில் நின்றோம்.

"மன்னிச்சிக்கிடுங்கக்கா. எம் பேச்சு எடுபடல" என்றாள் அம்மா.

"ஒங்க வீட்டுக்காரரு சொன்ன அன்னைக்கே நான் நம்பல, தங்கச்சி. அழுகையில சொல்லுதாக, வீட்டுக்குப் போனா மறந்துருவாகன்னு தெரியும். ஆனா போன ஊர்ல தனியாக் கெடக்கையில நெனைச்சு நெனைச்சு நம்பிட்டேன். இப்ப நடக்க ஆரம்பிச்சிருப்பா, இப்ப பேச ஆரம்பிச்சிருப்பான்னு..." பஸ் வந்துவிட்டது. ஏறி, ஜன்னல் வழியாக என் தலையில் கை வைத்தார். "நீதான் பேரு பழக்குனியாக்கும். நல்லாத்தான் பழக்கியிருக்க" என்றார். அவர் பாராட்டித்தான் சொன்னார். நான் அழ ஆரம்பித்துவிட்டேன்.

அன்று ராத்திரிச் சாப்பாட்டின்போது அப்பா தட்டைப் பார்த்தபடியே சொன்னார். "பள்ளிக்கூடத்துல சேக்கையில அந்தப் பேரக் குடுத்திருதேன்." அத்தைகூட மறுத்துப் பேசவில்லை. அம்மா அதை நம்பினாள். எனக்கு அவள்மேல் இப்போதும் இரக்கம் வருவது அதை நினைத்துத்தான்.

ஜூன் மாதம் தங்கையைப் பள்ளியில் சேர்க்க அப்பாவே கூட்டிக்கொண்டு போனார். எங்கள் தெருக்காரர்கள் இரண்டு பேர் அவருக்குப் பின்னால் தங்கள் பிள்ளைகளோடு நின்றிருந்தார்களாம். திரும்பி வந்ததும் தங்கை அடுப்படிக்கு ஓடிவந்து அம்மாவிடம் சொன்னாள்.

"அப்பா என் பழைய பேரையே சொல்லிட்டாகம்மா."

அம்மா அப்பாவுக்குத் தட்டு வைத்தாள், சோறு போட்டாள், குழம்பு ஊற்றினாள். அவர் சாப்பிடாமல் கையைக் கழுவினார்.

அதற்கடுத்த வாரம் அப்பா முதலாளியிடம் போய், ஆஸ்பத்திரிக்குப் பண்டல் போடுகிற வேலை தனக்கு வேண்டாம் என்று சொல்லிவிட்டார். வெளுக்கிற தொட்டிக்கே மாற்றிக்கொண்டார். நாள் முழுவதும் மருந்துத் தண்ணீரில் நின்று அவர் விரல்கள் வெளிறி வெடித்தன. வெள்ளைச் சட்டை பெட்டியிலேயே மடிந்து கிடந்தது. ஏன் என்று கேட்டவர்களிடம், அலைய முடியவில்லை என்று சொன்னார். அப்போது அவருக்கு நாற்பதுகூட ஆகியிருக்காது.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். கொஞ்ச வருஷத்தில் 'இன்னைக்கு மட்டும் வெரோணிக்கா' எங்கள் சொந்தக்காரர்களிடையே சிரிப்புக் கதையாகிவிட்டது. அத்தையே கல்யாண வீடுகளில் தங்கையின் குரலில் சொல்லிக் காட்டுவாள். கேட்டவர்கள் வயிறு வலிக்கச் சிரிப்பார்கள். காப்பி குடிக்கப் போன மாமாவும் சிரிப்பார். கிளாஸ் கதையை மட்டும் விட்டுவிட்டுச் சொல்வாள். அப்பா அந்த இடத்தைவிட்டு எழுந்துபோய்விடுவார். அம்மா அந்தப் பேர் வெட்டின டம்ளரில்தான் வருஷக்கணக்காகத் தண்ணீர் குடித்தாள். பின்னாளில் வீடு மாறின அமளியில் அது எங்கேயோ போய்விட்டது. புதுவீட்டில் அம்மா முதலில் தேடியது அதைத்தான்.

நான் வேலை பார்த்த பள்ளியில் உடன் வேலை பார்த்த கிறிஸ்தவ ஆசிரியை ஒருவரிடம், காரணம் சொல்லாமல், இந்தப் பேரைப் பற்றிக் கேட்டேன். கிரேக்கப் பேர் ஒன்றின் வழியாக வந்ததாம். வெற்றியைக் கொண்டுவருகிறவள் என்று பொருளாம். பிற்பாடு துணியில் முகம் பதிந்த கதையோடு சேர்த்து, மெய்யான சாயல் என்று பொருள் சொல்லிக்கொண்டார்களாம். அந்தப் பெண் வேதப் புத்தகத்தில் எங்குமே வரமாட்டாள் என்றும், கோயில் சுவரில் சிலுவைப்பாதைப் படங்களில் ஆறாவதில் மட்டும் துணியோடு நிற்பாள் என்றும் சொன்னார். "யாருக்காக டீச்சர் கேக்குறீங்க?" என்றார். "சும்மாதான்" என்றேன். அந்த இடத்திலும் என்னால் சொல்ல முடியவில்லை.

அப்பா போனார், அத்தை போனாள், அம்மாவும் போய்ச் சேர்ந்தாள். அம்மாவின் காரியங்கள் முடிந்த பிறகு தங்கைதான் சொன்னாள், அந்த நர்சம்மாவைத் தேடிப் பார்ப்போம் என்று. இருந்தால் தொண்ணூறு வயதுக்கு மேல் இருக்கும் என்றேன். இருக்கட்டும் என்றாள். ஓய்வுபெற்ற நர்சுகள் ஒவ்வொருவராகப் போனில் பிடித்து, தூத்துக்குடிப் பக்கம் கன்னியாஸ்திரிகள் நடத்துகிற முதியோர் இல்லம் ஒன்றின் விலாசம் வாங்கினாள். இருவரும் கார் வைத்துக்கொண்டு போனோம்.

முந்தின வருஷமே அவர் இறந்துபோயிருந்தார். வாசலுக்குக் கரண்டியும் கையுமாக வந்து எங்களிடம் அதைச் சொன்னது அங்கே சமைக்கிற பெண். நாங்கள் திரும்ப நினைத்தபோது, நீங்கள் யார், எங்கிருந்து வருகிறீர்கள் என்று கேட்டாள்.

"ஸ்ரீவில்லிபுத்தூர்" என்றேன்.

அவள் கரண்டியைக் கீழே வைத்துவிட்டாள். "பேர்க்காரியா? அம்மா சொல்லிக்கிட்டே இருப்பாகளே! எனக்கு ஸ்ரீவில்லிபுத்தூர்ல ஒரு பேர்க்காரி இருக்கா, பொறந்த அன்னைக்கு நாந்தான் கையில வாங்குனேன், எம் பேரத்தான் வச்சிருக்காகன்னு. யாருமே பாக்க வராததால, கெழவி கதை விடுதான்னு நாங்க கேலி பண்ணுவோம். ஒங்க ரெண்டு பேருல யாரு வெரோணிக்கா?"

உண்மையைச் சொல்லிவிட வேண்டும் என்று நான் வாயைத் திறந்தேன். வார்த்தை வருவதற்குள் தங்கை ஒரு எட்டு முன்னால் வந்தாள்.

"நாந்தான்" என்றாள்.

அந்தப் பெண் அவள் கையைப் பிடித்துக்கொண்டு, உள்ளே பார்த்துச் சத்தம் போட்டாள். "எல்லாரும் வாங்க, நம்ம அம்மாவோட பேர்க்காரி வந்திருக்காக! வெரோணிக்கா வந்திருக்காக!" கட்டில்களிலிருந்து கிழவிகள் ஒவ்வொருவராக எழுந்து வந்தார்கள். ஒருத்தி தங்கையின் முகத்தைத் தடவிப் பார்த்து, சாயல்கூட இருக்கு என்றாள். இன்னொருத்தி உள்ளேயிருந்து, "வெரோணிக்கா, இங்க வா தாயி" என்று கூப்பிட்டாள்.

"இந்தா வாரேன்" என்று தங்கை போனாள்.

எனக்கு உள்ளே போகக் கால் வரவில்லை. வாசலிலேயே நின்றேன்.